இத்தாலிய ஊமைப்பட நகைச்சுவைத் தொடர்களில் பாத்திரப்பெயரின் இடம்

முன்னுரை

1909 முதல் முதலாம் உலகப்போர்க் காலம் வரை இத்தாலியில் குறும் நகைச்சுவைப் படங்கள் பெருமளவில் தயாரிக்கப்பட்டன. துரத்தல், விழுதல், பொருள்களை உடைத்தல் ஆகியவற்றால் அமைந்த இப்படங்களைச் சாப்ளினுக்கு முந்தைய முயற்சிகளாக மட்டுமே காணும் போக்கு உண்டு. அவற்றுக்கெனத் தனித்த ஒழுங்கு ஒன்று இருந்ததை அவற்றின் பாத்திரப்பெயர்கள் வழி இக்கட்டுரை விளக்குகிறது.

பெயரின் உரிமை

பிரான்சின் பாத்தே நிறுவனத்தில் 'புவாரோ' என்னும் பெயரில் நடித்த ஆந்த்ரே டீட், டூரின் நகரின் இத்தாலா நிறுவனத்தில் 1909இல் 'கிரெட்டினெட்டி' ஆனார். பாத்தேவுக்குத் திரும்பியபோது மீண்டும் 'புவாரோ' ஆனார். 1915இல் இத்தாலாவுக்கு வந்தபோது மறுபடியும் 'கிரெட்டினெட்டி' ஆனார். சர்க்கஸ் குடும்பத்தில் பிறந்த ஃபெர்டினாண்ட் கியோம், ரோமின் சினெஸ் நிறுவனத்தில் 'டொன்டோலினி'. 1912இல் டூரினின் பாஸ்குவாலி நிறுவனத்திற்கு மாறியதும் 'பொலிடோர்'. நடிப்புத்திறன் நடிகருடன் சென்றது; பெயர் நிறுவனத்திடம் தங்கியது. படத்தலைப்புகளிலேயே இடம்பெற்ற இப்பெயர்கள் வணிகக்குறியாகச் செயல்பட்டன எனலாம்.

பெயரின் பொருள்

'கிரெட்டினோ', 'டொன்டோ' ஆகிய இத்தாலியச் சொற்கள் அறிவிலியைக் குறிப்பன. இப்பெயர்களின் ஈறுகள் இத்தாலியக் குடும்பப்பெயர்களில் பெருவழக்கானவை. எனவே அறிவிலி, ஊரறிந்த குடிமகனைப் போன்ற பெயருடன் திரையில் தோன்றுகிறான். நன்கு உடுத்திய நடுத்தர வர்க்கத்தவனின் தோற்றமும் அவன் விளைவிக்கும் அழிவும் முரண்படுவதில் பிறக்கும் நகைப்பு, பெயரிலேயே தொடங்கிவிடுகிறது.

நடிகரிடமிருந்து பெயர் பிரிந்து நிற்பதை இப்படங்களே அறிந்திருந்தன என்பதற்குக் கியோம் நடித்த 'டொன்டோலினியின் சோகம்' (1911) சான்றாகும். அதில் மனச்சோர்வுற்ற டொன்டோலினிக்கு எந்தக் கேளிக்கையும் பயன்தரவில்லை. இறுதியில் திரையரங்கில் டொன்டோலினி படமொன்றைக் கண்டு சிரித்துத் தேறுகிறான். இருக்கையில் அமர்ந்திருப்பவனும் திரையில் ஓடுபவனும் ஒரே பெயரினர். எனினும் ஒருவன் மற்றவனின் பார்வையாளன்.

முடிவுரை

இவ்வொழுங்கு ஆய்வுமுறையையும் பாதிக்கிறது. பெயர்கள் நாட்டுக்கு நாடு மாறின. கிரெட்டினெட்டி இங்கிலாந்தில் 'ஃபூல்ஸ்ஹெட்' எனப்பட்டான். ஆகவே பெயரை மட்டும் கொண்டு பட்டியலிட்டால் ஒரே படம் இரண்டாக எண்ணப்படலாம். நடிகரை மட்டும் கொண்டு பட்டியலிட்டால் நிறுவனங்களின் பங்கு மறைந்துவிடும். நடிகர், நிறுவனம், நாடுதோறும் வழங்கிய பெயர் ஆகிய மூன்றையும் இணைத்துப் பதிவதே இப்படங்களை இனங்காண்பதற்கு ஏற்ற முறையாகும்.