இருட்டுக் காட்சியில் யார் திருடியது?

2019 ஏப்ரல் 28 அன்று எச்பிஓ அலைவரிசையில் ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ தொடரின் எட்டாம் சீசனில் மூன்றாம் பகுதி வெளியானது. ‘தி லாங் நைட்’ என்ற அந்தப் பகுதி ஏறக்குறைய முழுவதும் இரவுப் போர். யார் யாரை வெட்டுகிறார்கள் என்றே தெரியவில்லை என்று ரசிகர்கள் கொதித்தார்கள். காட்சி இருட்டாக இருக்க வேண்டும் என்பது திட்டமிட்ட முடிவு என்றார் ஒளிப்பதிவாளர் ஃபேபியன் வாக்னர். படம் கலங்கித் தெரிந்ததற்கு ஒளிபரப்புக்காகச் செய்யப்படும் சுருக்கத்தையும், சரியாக அமைக்கப்படாத வீட்டு டிவிகளையும் அவர் காரணம் காட்டினார்.

அவர் சொன்னதில் நியாயம் இருக்கிறது. வீடியோவைச் சுருக்கும் மென்பொருள் படத்தைச் சிறு கட்டங்களாகப் பிரித்து, கண்ணுக்குத் தெரியாது என்று தான் கருதும் நுணுக்கங்களை எறிந்துவிடுகிறது. கறுப்புக்கும் கருஞ்சாம்பலுக்கும் எண்களில் மிகச் சிறிய வித்தியாசமே இருப்பதால் முதலில் வெட்டுப்படுவது இருட்டுப் பகுதிதான். வழக்கமான 8 பிட் வீடியோவில் ஒவ்வொரு நிறத்துக்கும் 256 படிகளே உண்டு. அவற்றிலும் சில மட்டுமே ஆழ்ந்த நிழல்களுக்குக் கிடைக்கின்றன. அதனால்தான் சீராக மங்க வேண்டிய இரவு வானம் வரிவரியாகப் பிளக்கிறது. 10 பிட்டில் படிகள் 1,024. புகை, பனி, தீப்பொறி எல்லாம் ஒவ்வொரு ஃபிரேமிலும் மாறிக்கொண்டே இருப்பவை. முந்தைய ஃபிரேமை வைத்து அடுத்ததை ஊகிக்கும் மென்பொருள் அங்கே திணறுகிறது. நிழலுக்குக் கூடுதல் பிட் ஒதுக்கும் அமைப்புகள் எக்ஸ்264 போன்ற மென்பொருள்களிலேயே உண்டு. அவற்றைப் பயன்படுத்துவதும் விடுவதும் ஒளிபரப்பு நிறுவனத்தின் முடிவு, பார்வையாளரின் தவறல்ல.

காசு கொடுப்பவர் கவனிக்க வேண்டியது இன்னொன்று. 2021 டிசம்பரில் நெட்ஃபிளிக்ஸ் இந்தியாவில் அறிவித்த 149 ரூபாய் மொபைல் திட்டம் 480பி தரத்தோடு நின்றது. 4கே வேண்டுமென்றால் அப்போது 649 ரூபாய். அதிக விலைத் திட்டம் வாங்கினாலும், ஆண்ட்ராய்டு கைபேசியில் வைட்வைன் எல்1 என்ற காப்புரிமைப் பாதுகாப்பு வசதி இல்லையென்றால் எச்டி வராது. கைபேசி வாங்கும் முன்பே இதை விசாரித்துக்கொள்ள வேண்டும்.

வீட்டில் செய்யக்கூடியவை சில உண்டு. டிவியில் ‘விவிட்’ முறையை நீக்கி ‘சினிமா’ அல்லது ‘ஃபிலிம்மேக்கர்’ முறைக்கு மாற்றலாம். அறை விளக்கை அணைக்கலாம். செயலியில் டேட்டா சேமிப்பு இயங்குகிறதா என்று பார்க்கலாம். மிகவும் பிடித்த படமென்றால் ப்ளூ-ரே தட்டு வாங்குவதே மேல்: 4கே ஸ்ட்ரீமிங்குக்கு நெட்ஃபிளிக்ஸ் கேட்கும் இணைய வேகம் நொடிக்கு 15 மெகாபிட், 4கே ப்ளூ-ரே தட்டிலிருந்து அதைவிடப் பல மடங்கு வரும்.

படம் இருட்டாக இருக்கிறது என்பதற்காக மட்டும் வழக்குத் தொடுக்க முடியாது, அது கலைஞரின் உரிமை. 4கே என்று விளம்பரம் செய்து பணம் வாங்கிவிட்டு, தகுந்த கருவியும் வேகமும் இருந்தும் குறைந்த தரத்தையே தந்தால் நிலைமை வேறு. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019 சேவைக் குறைபாட்டுக்கும் தவறான விளம்பரத்துக்கும் பரிகாரம் வைத்திருக்கிறது. கட்டண ரசீது, திட்ட விவரம், வேகச் சோதனை முடிவு, திரையின் படம் ஆகியவற்றைத் தேதியோடு சேர்த்து வைத்து, முதலில் நிறுவனத்துக்கு எழுத்தில் புகார் கொடுக்க வேண்டும். பதில் வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அடுத்தது மாவட்ட நுகர்வோர் ஆணையம்; ஐந்து லட்சம் ரூபாய் வரை செலுத்திய சேவை என்றால் வழக்குக் கட்டணம் இல்லை. குறை ஏற்பட்டதிலிருந்து இரண்டு ஆண்டுகளுக்குள் வழக்கைப் பதிய வேண்டும்.