கொன்றையடியில் குடிகொண்ட உயிர்கள்

மூர்த்தி, தலம், தீர்த்தம் என்னும் மூன்றோடு நான்காவதாகப் போற்றப்படுவது தல விருட்சமாகும். கன்னியாகுமரியிலிருந்து கொட்டாரம் வழியாக நாகர்கோவில் செல்லும் அன்பர்கள் இடையில் தரிசிக்கும் சுசீந்திரம் அருள்மிகு தாணுமாலயன் திருக்கோயிலின் தல விருட்சம் கொன்றை. தாணு என்பது சிவனையும், மால் என்பது திருமாலையும், அயன் என்பது பிரமனையும் குறிக்கும். ஞானாரண்யம் என்னும் வனமாயிருந்த இவ்விடத்தில் அத்திரி முனிவரின் பத்தினி அனுசூயாதேவியைச் சோதிக்க வந்த மும்மூர்த்திகளும், அவரது கற்பின் திறத்தால் குழந்தைகளாயினர் என்றும், பின்னர் கொன்றையடியில் எழுந்தருளினர் என்றும் தலபுராணம் கூறுகின்றது.

இறைவன் உறையும் கொன்றை சிற்றுயிர்களுக்கும் உறைவிடமாகும். கோடையில் இலையுதிர்த்துப் பொன்னிறச் சரங்களாகப் பூக்கும்போது, கருவண்டுகள் தம் பறக்கும் தசைகளின் அதிர்வினால் மகரந்தத்தை உதிர்த்துப் பூக்களைக் கருவுறச் செய்கின்றன. வெளிர்மஞ்சள் வண்ணத்துப்பூச்சிகள் தளிர்களில் முட்டையிடுகின்றன. அவற்றின் புழுக்கள் பறவைக் குஞ்சுகளுக்கு இரையாகின்றன. ஒரு முழம் வரை நீளும் காயின் இனிய சதையை உண்ணும் குரங்கும் நரியும் விதைகளைத் தொலைவில் பரப்புகின்றன. அச்சதையே சித்த மருத்துவத்தில் மலமிளக்கியாகப் பயன்படுகின்றது.

மக்கள் வாழ்விலும் கொன்றைக்கு இடமுண்டு. குமரி மாவட்டத்தில் சித்திரை விஷுவன்று கனி காணும் தட்டில் கொன்றைப்பூ தவறாது இடம்பெறும். ஊர்தோறும் நாகர் சிலைகளோடு நிற்கும் அரசும் வேம்பும் வழிபாட்டிற்கும், களைப்பாறுதற்கும், ஊர்ப்பேச்சிற்கும் நிழல் தருவன. அவற்றின் முதிய பொந்துகளில் கிளியும், மைனாவும், ஆந்தையும் குடும்பம் நடத்துகின்றன.

அருகிலுள்ள சுசீந்திரம், தேரூர்க் குளங்கள் பறவைகளின் புகலிடமாதலின் 2022-ஆம் ஆண்டில் ராம்சார் ஈரநிலப் பட்டியலில் சேர்க்கப்பட்டன. குளத்தைக் காக்க அரசாணைகள் உண்டு. ஊர் மரத்தைக் காப்பதோ பெரும்பாலும் அடியார்களின் கையிலேயே உள்ளது.

பக்தியின் பெயரால் நாமே மரத்திற்குத் தீங்கு செய்தலாகாது. இலைகள் ஆக்கும் உணவு பட்டையின் உட்புறம் வழியாகவே வேருக்குச் செல்கின்றது. ஆணி அறைதலும், அடிமரத்தை ஒட்டி விளக்கேற்றுதலும் அவ்வழியைச் சிதைக்கும். இறுகக் கட்டிய கயிறு, மரம் பருக்கும்போது பட்டையை நெரிக்கும். அடியைச் சுற்றிச் சிமெண்டுத் தளமிட்டால் வேருக்கு நீரும் காற்றும் எட்டா. ஆதலின் விளக்கைச் சற்றே விலக்கி மாடத்தில் ஏற்றுவோம். வேரைச் சுற்றி மண்ணைத் திறந்து வைப்போம். நெகிழிப் பைகளை அங்கே விட்டுச் செல்லாதிருப்போம்.

மரத்தை வலம் வருவோர் அதனை அண்டிய உயிர்களையும் வலம் வருகின்றனர். அவ்வுயிர்களைக் காத்து, தாணுமாலயனின் திருவருள் பெறுவோமாக.