உப்புக்கண்டம் கெடுவது எப்போது?

பச்சை இறைச்சி ஒரே நாளில் கெட்டுவிடும். அதே இறைச்சியில் உப்பும் மஞ்சளும் தடவி, நூலில் கோத்து, வெயிலில் உலர்த்தினால் பல வாரங்கள் இருக்கும். இதுவே உப்புக்கண்டம். காரணம் என்ன? உப்பு, சவ்வூடு பரவலால் இறைச்சியிலுள்ள நீரை வெளியே இழுக்கிறது. வெயில் அதை ஆவியாக்குகிறது. போதிய நீரின்றிப் பெரும்பாலான பாக்டீரியாக்கள் பெருக முடியாது.

ஆனால், காற்றின் ஒப்பு ஈரப்பதம் ஏறத்தாழ 75 சதவீதத்தைத் தாண்டினால், உப்பு நீராவியை உறிஞ்சிக் கசியத் தொடங்கும். மழைக்காலத்தில் உப்பு ஜாடியைப் பாருங்கள், புரியும். ஆகவே நன்கு காய்ந்த கண்டத்தை ஈரமற்ற பாத்திரத்தில் இறுக மூடி வையுங்கள். ஈரம் ஏறுமுன் அவ்வப்போது வெயிலில் காட்டுங்கள்.

மேலே வெள்ளையாகத் தெரிகிறதா? நீரில் கரையும் மணிகளானால் உப்பு. பஞ்சுபோல் படர்ந்திருந்தால் பூசணம். பூசணம், பிசுபிசுப்பு, அழுகல் நாற்றம் ஆகியவற்றுள் ஒன்று இருந்தாலும் எறிந்துவிடுங்கள். சுவைத்துப் பார்க்காதீர்கள்.

“பொரித்தால் சரியாகிவிடும்” என்பது தவறு. ஸ்டாஃபிலோகாக்கஸ் என்னும் பாக்டீரியா உப்பு மிகுந்த இடத்திலும் வளரும். அதன் நஞ்சு கொதிநீரின் வெப்பத்தையும் தாங்கும். கண்ணுக்கும் மூக்குக்கும் தெரியாது. எனவே நாட்கணக்கில் ஈரமாகக் கிடந்த கண்டம், பார்வைக்கு நன்றாக இருந்தாலும் உண்ணத் தகாதது.