தக்காளி டார்ட்: உறையை வாசித்தீர்களா?

நோன்பு திறக்கும் வேளைக்கு இனிப்பில்லாத தக்காளி டார்ட் செய்ய எண்ணமா? முதலில் பஃப் பேஸ்ட்ரி உறையை வாசியுங்கள். மாவை அடுக்கடுக்காகப் பிரிப்பது இடையிலுள்ள கொழுப்பு. அது பட்டரா, தாவரக் கொழுப்பா, பன்றிக் கொழுப்பா? சந்தேகமானதைத் தவிர்ந்துகொள்பவர் தம் மார்க்கத்தைக் காத்துக்கொள்கிறார் என்பது நபி (ஸல்) அவர்கள் தந்த போதனை.

நான்கு தக்காளிகளை வட்டமாக வெட்டி உப்புத் தூவுங்கள். 20 நிமிடத்தில் ஊறும் நீரை ஒற்றியெடுங்கள். இல்லையேல் அடிமாவு ஊறிப்போகும். குளிர்ந்த மாவை விரித்து, ஓரத்தில் ஒரு விரலகலம் விட்டு, நடுவை முள்ளுக்கரண்டியால் குத்துங்கள். வதக்கிய வெங்காயம், தக்காளி, மிளகுத்தூள் பரப்பி, 200 பாகை செல்சியஸ் சூட்டில் பொன்னிறமாகும்வரை, சுமார் 25 நிமிடம் சுடுங்கள். அயல்வீட்டுக்கும் ஒரு துண்டு அனுப்ப மறவாதீர்கள்.