வண்டியின் ரகசிய எண் தொலைந்து விட்டதா?

காரின் பழைய பேட்டரியைக் கழற்றிப் புதியதை மாட்டுகிறோம். வண்டி நன்றாக ஓடுகிறது. ரேடியோவைப் போட்டால் மட்டும் பாட்டு வராமல் திரையில் 'கோட்' என்ற எழுத்து நிற்கிறது. ரேடியோ கெட்டுவிட்டது என்று எண்ணிப் புதிது வாங்கியோரும் உண்டு. உண்மையில் அது கெடவில்லை, பூட்டிக்கொண்டிருக்கிறது.

கார் ரேடியோக்கள் பெருமளவில் திருடு போன காலத்தில் கம்பெனிகள் செய்த ஏற்பாடு இது. மின்சாரம் துண்டிக்கப்பட்டால், உரிய எண்ணைக் கொடுக்கும்வரை ரேடியோ பாடாது. திருடியவனுக்குப் பயன்படக்கூடாது என்பதே நோக்கம். எண் தொலைந்தால் நமக்கும் அதே கதிதான்!

முதலில், வண்டியோடு வந்த கையேட்டிலும் அதன் உறையிலும் எண் எழுதிய சிறு அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் ரேடியோவின் வரிசை எண் தேவை. அது ரேடியோப் பெட்டியின் மேல் ஒட்டிய சீட்டில் இருக்கும். பழைய ஹோண்டா, ஃபோர்டு வண்டிகள் பலவற்றில் 1, 6 ஆகிய பொத்தான்களைச் சேர்த்து அழுத்தி ரேடியோவைப் போட்டால் திரையிலேயே தெரியும். வரிசை எண், ஆர்.சி., அடையாள அட்டை ஆகியவற்றுடன் கம்பெனியின் டீலரை அணுகினால் ரகசிய எண்ணைப் பெறலாம். பழைய வண்டி வாங்கியவர்கள் ஆர்.சி.யைத் தம் பெயருக்கு மாற்றியிருப்பது நல்லது.

தோன்றிய எண்களைப் போட்டுப் பார்க்காதீர்கள். சில முறை தவறினால் ரேடியோ நெடுநேரம் பூட்டிக்கொள்ளும்; சில வகைகளில் டீலர்தான் திறக்க வேண்டியிருக்கும்.

ரேடியோ பாடாவிட்டால் நஷ்டமில்லை. சாவி தொலைந்தால் சரக்கு வண்டியே நின்றுவிடும். புது வண்டியுடன் இரண்டு சாவிகளும், பல கம்பெனிகளில் சாவி எண் பொறித்த சிறு தகடும் தருவார்கள். அந்த எண் இருந்தால் மாற்றுச் சாவி வெட்டுவது எளிது. இல்லையேல் 17 எழுத்துகளும் எண்களும் கொண்ட சேசிஸ் எண்ணை வைத்து டீலர் மூலம் கேட்க வேண்டும். சாவிக்குள் சிப் உள்ள வண்டிகளில், வெட்டிய சாவி கதவைத் திறக்கும், என்ஜினைக் கிளப்பாது. அதை வண்டியோடு கருவி மூலம் இணைத்தாக வேண்டும். ஒரு சாவி கையில் இருக்கும்போதே இன்னொன்று செய்துகொள்வது சிக்கனம். இரண்டும் போனால் செலவும் அலைச்சலும் கூடும்.

சாவி தொலைந்தால் காவல் நிலையத்தில் தெரிவித்து ரசீது பெறுங்கள். பின்னாளில் வண்டி திருடு போனால், இன்ஷூரன்ஸ் கம்பெனி இரண்டு சாவிகளையும் கேட்பது வழக்கம். ஒன்று குறைந்தால் அந்த ரசீதே நமக்குத் துணை.

எண் அட்டையையும் சாவித் தகட்டையும் வண்டிக்குள் வைக்காதீர்கள். அது கல்லாச் சாவியைக் கல்லாவின் மேலேயே வைப்பது போன்றது. பற்று வரவைக் காசு பிசகாமல் எழுதும் நாம், இந்த இரண்டு எண்களையும் கணக்குப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் இன்றே எழுதி வைப்போம்.