விட்டெலியஸ் அலமாரியில் ஒரு காவியம்

பழைய ஆங்கிலக் காவியமான 'பேயோவுல்ஃப்' இன்று ஒரே ஒரு கையெழுத்துப் பிரதியில்தான் இருக்கிறது. லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் அதன் குறியீடு 'காட்டன் விட்டெலியஸ் ஏ 15'. ரோமப் பேரரசன் விட்டெலியஸுக்கும் இந்தக் காவியத்துக்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை.

எட்டாம் ஹென்றி மடாலயங்களைக் கலைத்தபோது அவற்றின் ஏடுகள் நாடெங்கும் சிதறின. அவற்றில் பலவற்றைத் தேடிச் சேர்த்தவர் சர் ராபர்ட் காட்டன் (1571–1631). அவருடைய நூலகத்தில் ஒவ்வொரு அலமாரியின் மேலும் ஒரு மார்பளவுச் சிலை நின்றது: ரோமின் பன்னிரண்டு சீசர்கள், கூடவே கிளியோபாட்ராவும் ஃபாஸ்டினாவும். விட்டெலியஸ் சிலையின் கீழே, மேல்தட்டில், பதினைந்தாவது புத்தகம். இவ்வளவுதான் குறியீட்டின் பொருள். அந்த அலமாரிகள் போய்விட்டன. தொகுப்பு 1702-ல் நாட்டுடைமையாகி, 1753-ல் பிரிட்டிஷ் மியூசியத்துக்குப் போனது. குறியீட்டை மட்டும் யாரும் மாற்றவில்லை. தலைமுறை தலைமுறையாக அறிஞர்கள் அதையே மேற்கோள் காட்டியிருக்கும்போது மாற்றாமல் விட்டதுதான் சரி.

ஆனால் இடத்தைச் சொல்லும் குறியீடு உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்லாது. அதற்கு ஒருவர் உட்கார்ந்து ஏட்டைப் படித்தாக வேண்டும். 1696-ல் தாமஸ் ஸ்மித் வெளியிட்ட அட்டவணையில் பேயோவுல்ஃப் இடம்பெறவே இல்லை. 1705-ல் ஹம்ஃப்ரி வான்லி அதைக் கண்டு பதிவு செய்தார். ஸ்வீடன் அரசர்களோடு ஒரு டேனிஷ் வீரன் நடத்திய போர்க் கதை என்று பொருளைத் தவறாகக் குறித்தாலும், தொடக்க வரிகளைப் படியெடுத்துத் தந்தார். அந்த உழைப்பை வணங்கத் தோன்றுகிறது.

1731 அக்டோபர் 23 அன்று, தொகுப்பு இருந்த ஆஷ்பர்னம் மாளிகை தீப்பற்றியது. பேயோவுல்ஃப் தப்பியது, ஆனால் தோல் ஏடுகளின் ஓரம் கருகி, தொடத் தொட எழுத்துகள் உதிர்ந்தன. 1845-ல் ஒவ்வோர் ஏட்டையும் காகிதச் சட்டத்தில் பொருத்திய பிறகே உதிர்வது நின்றது. அதே தொகுப்பில் ஓதோ சிலையின் கீழிருந்த 'ஓதோ ஏ 12' தப்பவில்லை. ஆல்ஃபிரட் மன்னரைப் பற்றி ஆசர் எழுதிய வரலாற்றின் ஒரே பழம்பிரதி அதில்தான் இருந்தது. அந்த ஏடு எப்படி இருந்தது என்பதற்கு ஸ்மித்தும் வான்லியும் எழுதிவைத்த குறிப்புகளே முக்கியச் சான்று.

2023 அக்டோபரில் இணையத் தாக்குதல் ஒன்று பிரிட்டிஷ் நூலகத்தின் கணினிகளை முடக்கியது. ஏடுகளுக்கு ஒரு கீறலும் இல்லை. ஆனால் தேட வழியில்லாமல் ஆய்வாளர்கள் தவித்தார்கள். முதன்மை அட்டவணை 2024 ஜனவரியில் இணையத்துக்குத் திரும்பியது. கையெழுத்துப் பிரதிகளுக்கான அட்டவணை திரும்ப அதற்கு மேலும் நாளானது.