மலைத்தொழிலும் புதுத்திறனும்

சேலத்திலிருந்து ஏற்காட்டிற்குச் செல்லும் மலைச்சாலையில் 20 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. மலைக்குப் புதியவரான ஓட்டுநர், இறக்கத்தில் பிரேக்கை விடாது மிதித்துக்கொண்டே வருவார். சில வளைவுகளைக் கடப்பதற்குள் அது சூடேறிப் பிடிமானம் தளர்ந்துவிடும். பழகிய ஓட்டுநரோ இரண்டாம் கியரில் வண்டியை இறக்குவார். வேகத்தை எஞ்சினே அடக்கிக்கொள்ளும். சாலை குறுகிய இடத்தில் ஏறிவரும் வண்டிக்கு ஒதுங்கி வழிவிடுவார்; மலைச்சாலையில் ஏறுவோர்க்கே முன்னுரிமை என்பது சட்டமும் ஆகும். இவ்வறிவை அவர் எந்த வகுப்பறையிலும் கற்றதில்லை. அவரிடம் இருக்கும் உரிமம் அவர் வண்டி ஓட்டத் தெரிந்தவர் என்பதைக் கூறுமேயன்றி, மலையறிந்தவர் என்பதைக் கூறாது.

சுற்றுலாத் தொழிலில் உள்ளோர் பலரின் நிலை இதுவே. திறன் இருக்கிறது, அதற்குப் பெயரும் சான்றும் இல்லை. சான்றில்லாத திறனுக்கு உரிய கூலியும் கிடைப்பதில்லை.

மூன்றாம் மாற்றம்

கிழக்குத் தொடர்ச்சி மலையின் பகுதியாகிய சேர்வராயன் மலையில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1500 மீட்டர் உயரத்தில் ஏற்காடு அமைந்துள்ளது. ஏரியும் காடும் சேர்ந்து அமைந்ததால் இப்பெயர் வந்ததென்பர். மலைச்சரிவுகளில் தினையும் சாமையும் விளைவித்து வாழ்ந்தவர்கள் மலையாளிப் பழங்குடியினர். 1820களில் சேலம் மாவட்ட ஆட்சியராக இருந்த எம்.டி. காக்பர்ன் இம்மலையில் காப்பிப் பயிரை அறிமுகப்படுத்தினார். காலப்போக்கில் காட்டு நிலங்கள் பல தோட்டங்களாயின. உழவர் பலர் தோட்டத் தொழிலாளராயினர். நிழல்மரம் கவாத்து செய்தல், பழம் பறித்தல், விதை உலர்த்துதல் முதலிய புதிய வேலைகளை அவர்கள் கற்க நேர்ந்தது. இன்றைய சொல்லில் கூறின், அதுவும் ஒரு மறுதிறன் பயிற்சியே. ஆனால், அதைக் கற்றோரிடம் விருப்பம் கேட்கப்பட்டதா என்பது வேறு வினா.

தோட்டத்தை அடுத்து வந்தது சுற்றுலா. படகுத்துறை, விடுதி, வாடகை வண்டி, உணவகம், மிளகும் தேனும் விற்கும் சாலையோரக் கடை எனப் புதிய பிழைப்புகள் தோன்றின. கோடை விழாவும் மலர்க் கண்காட்சியும் நடைபெறும் மே மாதத்தில் ஊர் கொள்ளாத கூட்டம் வருகிறது. பள்ளிகள் திறந்தபின் கூட்டம் வடிகிறது. ஆண்டு முழுதும் அடுப்பெரிய வேண்டிய குடும்பங்கள், சில மாத வருவாயை நம்பி நிற்கின்றன.

இருவகைப் பயிற்சி

செய்துவரும் தொழிலிலேயே ஒருவர் மேலும் தேர்ச்சி பெறுவது திறன் மேம்பாடு. விடுதிச் சமையலர் உணவுப் பாதுகாப்பு விதிகளையும், வரவேற்பாளர் இணையவழி முன்பதிவையும் கற்பது இவ்வகை. ஒரு தொழிலில் இருப்பவர் மற்றொரு தொழிலுக்கு வேண்டியதைக் கற்பது மறுதிறன் பயிற்சி. காப்பி பறித்தவர் சுற்றுலா வழிகாட்டியாவது இதற்கு எடுத்துக்காட்டு.

சொல்லளவில் இவை தனித்தனியே நிற்பினும், நடைமுறையில் ஒன்றோடொன்று கலந்தே வரும். காப்பித்தோட்டத்தையே பாருங்கள். ஓங்கி வளர்ந்த சில்வர் ஓக் மரங்கள். அவற்றைப் பற்றிப் படர்ந்த மிளகுக்கொடிகள். அவற்றின் நிழலில் அராபிகாச் செடிகள். கோடைமழை விழுந்த சில நாள்களில் தோட்டம் முழுதும் வெண்ணிறமாய்ப் பூத்து மல்லிகைபோல் மணக்கும். பூ பழமாக ஏறத்தாழ எட்டு, ஒன்பது மாதங்கள் ஆகும். ஒரே கொத்தில் பச்சைக்காயும் செம்பழமும் இருக்க, செம்பழத்தை மட்டும் விரல்கள் தேர்ந்து கொய்யும். பின்னர்த் தோல் நீக்கி, நொதிக்கவைத்து, கழுவி, களத்தில் உலர்த்துவர். பழத்தில் பெரும்பாலும் இரு விதைகள் ஒன்றையொன்று ஒட்டித் தட்டையாக இருக்கும். ஒற்றை விதை மட்டும் உருண்டு திரண்டால் அதுவே பீபெரி. கடையில் 'பீபெரி, பிளாண்டேஷன் ஏ' என்று கேட்டு வாங்கும் நகரத்தார் பலர், இரண்டிற்கும் வேறுபாடு செடியிலேயே தொடங்குவதை அறியார்.

இவ்வளவையும் அறிந்தவர் யார்? பல்லாண்டுகள் பழம் பறித்த பெண்மணி. தோட்டத்தைச் சுற்றிக் காட்டும் வழிகாட்டியாக அவர் மாறுவதற்குத் தாவரவியல் பட்டம் தேவையில்லை. தாம் அறிந்ததை வரிசைப்படுத்திச் சொல்லவும், இருபது பேர் கொண்ட குழுவை வழுக்குப் பாதையில் பாதுகாப்பாக நடத்திச் செல்லவும், பாம்புக்கடிக்கு முதலுதவி செய்யவும், கட்டணத்தைக் கைபேசியில் பெறவும் கற்றால் போதும். சில ஆங்கிலத் தொடர்கள் உதவும். எனினும் சேலத்திலிருந்தும் ஈரோட்டிலிருந்தும் வருவோர்க்கு அவர் பேசும் தமிழே இனிக்கும்.

ஏற்காட்டில் இந்தியத் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தின் ஆர்க்கிட் தோட்டமும் உள்ளது. பூச்சியை உண்ணும் குடுவைத் தாவரத்தை அங்குக் காணலாம். சேர்வராயன் மலையின் பெயரையே அறிவியற் பெயரில் தாங்கிய வெர்னோனியா செவராயென்சிஸ் என்னும் மரமும் இம்மலைக்குரியது. வந்தவர் பலர் ஏரியில் படகேறி, பகோடா முனையில் படமெடுத்து, மாலைக்குள் இறங்கிவிடுகின்றனர். எடுத்துச் சொல்ல ஆள் இருந்தால் அவர்களுள் சிலரேனும் ஓர் இரவு தங்குவர். அந்த ஓர் இரவு, உணவகத்திற்கும் வண்டிக்காரருக்கும் கடைக்காரருக்கும் வருவாயாகும்.

தேக்கடி காட்டிய வழி

தேனி மாவட்டத்தை அடுத்த தேக்கடியில், பெரியாறு காட்டிற்குள் புகுந்து வயணப்பட்டை எனப்படும் காட்டு இலவங்கப்பட்டையைத் திருட்டுத்தனமாக உரித்து விற்றோர் இருந்தனர். 1990களின் இறுதியில், சூழல் மேம்பாட்டுத் திட்டத்தின்கீழ்க் கேரள வனத்துறை அவர்களுக்கு மாற்றுவழி காட்டியது. அவர்களைக் கொண்டு ஒரு குழு அமைக்கப்பட்டது. பயணிகளைக் காட்டிற்குள் அழைத்துச் செல்லும் வழிகாட்டிகளாயினர். யானைத்தடம் அறிதல், காற்றின் திசை பார்த்து நடத்தல், ஓசையின்றி ஒதுங்குதல் என வனத்துறையினரிடமிருந்து தப்புவதற்குப் பயன்பட்ட திறன்களே பயணிகளைக் காக்கும் திறன்களாயின. பழைய திறனைத் தூக்கியெறியாமல் அதன் திசையை மாற்றியதே இம்முயற்சியின் நுட்பம். வருவாய் குழுவினர்க்கே சென்றதால் காட்டைக் காப்பதும் அவர்தம் நலமாயிற்று.

சான்றும் கூலியும்

பள்ளி, கல்லூரி மாணவர்க்குத் திறன் வளர்க்க, தமிழ்நாடு அரசு 2022 மார்ச் 1 அன்று 'நான் முதல்வன்' திட்டத்தைத் தொடங்கியது. நாற்பது வயதைக் கடந்த விடுதிப் பணியாளருக்கு வேண்டுவது வேறு. 2015இல் தொடங்கப்பட்ட பிரதமர் திறன் மேம்பாட்டுத் திட்டத்தில் 'முன்கற்றலுக்கு ஏற்பு' என்னும் பிரிவு உண்டு. அனுபவத்தால் கற்றவரை மதிப்பிட்டு, குறையுள்ள இடத்தை மட்டும் நிரப்பிச் சான்று வழங்குவது அதன் நோக்கம். இருபது ஆண்டுகள் சமைத்தவரைக் காய் நறுக்கும் வகுப்பில் அமர்த்துவது அவரை இழிவுபடுத்துவதாகும்; அந்தப் பிழையை இம்முறை தவிர்க்கிறது.

எனினும், சான்றிதழ் தானாகக் கூலியை உயர்த்திவிடாது. பயிற்சி பெற்றவரையும் பெறாதவரையும் ஒரே சம்பளத்தில் வைத்திருக்கும் விடுதியில், கற்றவர் சில மாதங்களில் பெருநகருக்குப் போய்விடுவார். 'பயிற்சி கொடுத்தால் ஆள் நிற்பதில்லை' என்று முதலாளிகள் குறைகூறுவதுண்டு. சம்பளம் நிற்கவைக்கவில்லை என்பதே அதன் மறுபக்கம்.

ஒரே திறனை நம்புவதன் இடரை 2020 உணர்த்தியது. மார்ச் 25 முதல் நாடு முடக்கப்பட்டது. அவ்வாண்டு உலகளவில் பன்னாட்டுச் சுற்றுலாப் பயணிகளின் எண்ணிக்கை முந்தைய ஆண்டைவிட 70 விழுக்காட்டிற்கும் மேல் குறைந்தது. விடுதிகளும் படகுத்துறைகளும் மூடிக்கிடந்த அந்நாள்களில், காப்பித்தோட்டங்கள் பாதியளவு தொழிலாளருடன் இயங்க ஏப்ரலிலேயே நடுவண் அரசு இசைந்தது. மண்வெட்டி பிடிக்கவும் தெரிந்தவருக்கு ஒரு வாசலாவது திறந்திருந்தது. வழிகாட்டியானவர் பறிக்கும் கையை மறந்துவிடலாகாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டா.

பயிற்சியின் காலமும் கருதத்தக்கது. ஒரு நாள் வகுப்பில் அமர்ந்தால் ஒரு நாள் கூலி போகும். ஆகவே பயிற்சி நாள்களுக்கு உதவித்தொகை வேண்டும்; குழந்தையுடன் வரும் தாய்மார்க்கு இடவசதி வேண்டும்; மலைச்சிற்றூர்களுக்கே பயிற்றுநர் செல்லவேண்டும். நவம்பர் முதல் பிப்ரவரி வரை பழம் பறிக்கும் பருவம். ஏப்ரலும் மேயும் பயணியர் பருவம். பள்ளி திறந்து கூட்டம் குறைந்து, மழை பெய்து, தோட்டத்திலும் விடுதியிலும் வேலை தளர்ந்திருக்கும் ஜூன், ஜூலை மாதங்களே ஏற்காட்டு மக்களுக்குக் கற்பதற்கு வாய்க்கும் காலம்.